படகும் நீரோட்டமும்: திருச்சியில் ஆறு வார ஞாயிறு வகுப்பில் படித்துவிட்டு எழுதும் மதிப்பீடு

வேகம், தூரம், நேரம் என்ற ஒரே தலைப்பை எடுத்துக்கொண்டு ஆறு ஞாயிற்றுக்கிழமைகள் நடத்தப்படும் போட்டித் தேர்வுப் பயிற்சி வகுப்பு ஒன்றில் சேர்ந்து, சென்ற மாதம்தான் படித்து முடித்தேன். திருச்சி சத்திரம் பேருந்து நிலையத்தைச் சுற்றியுள்ள தெருக்களில் இத்தகைய மையங்கள் அடுத்தடுத்து இருக்கின்றன. நான் படித்த மையம் எது என்பதை இங்கே சொல்லப்போவதில்லை. நிறையையும் குறையையும் மறைக்காமல் எழுத வேண்டும் என்பதுதான் என் எண்ணமே தவிர, பெயரைச் சொல்லி ஒருவருடைய பிழைப்பில் கைவைப்பது அன்று. கட்டணம் 1,800 ரூபாய். 96 பக்கக் கையேடும் நான்கு மாதிரித் தேர்வுகளும் அதற்குள் அடக்கம். காலை 10 மணிக்குத் தொடங்கி 1 மணிக்கு முடியும் வகுப்பில் ஏறத்தாழ நாற்பது பேர் இருந்தோம். முதல் இரண்டு வாரம் அடிப்படைக் கணக்குகள், அடுத்த இரண்டு வாரம் படகும் நீரோட்டமும், கடைசி இரண்டு வாரம் ரயில் கணக்குகள் என்பது திட்டம். ரயில் பகுதியைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. எல்லா இடத்திலும் நடத்துவதைப் போலத்தான் நடத்தினார்கள். நான் சேர்ந்ததே படகுக் கணக்கிற்காக என்பதால் இந்த மதிப்பீடும் பெரும்பாலும் அந்த இரண்டு வாரங்களைப் பற்றியதாகவே இருக்கும்.

வங்கி எழுத்தர் பணிக்கான முதல்நிலைத் தேர்வில் எண்கணிதப் பகுதியில் 35 வினாக்களுக்கு 20 நிமிடம் தருகிறார்கள். ஒரு வினாவுக்கு 34 விநாடிதான் கிடைக்கும். ரயில்வேயின் தொழில்நுட்பம் சாராத பணிகளுக்கான என்டிபிசி முதல்கட்டத் தேர்விலோ 90 நிமிடத்தில் 100 வினாக்கள், அவற்றுள் கணிதம் மட்டும் 30. தவறான விடை ஒவ்வொன்றுக்கும் மூன்றில் ஒரு மதிப்பெண் போய்விடும். இந்த அவசரத்தில் படகுக் கணக்கு வந்தால் சூத்திரத்தை நினைவுபடுத்தி எண்களைப் போட்டு முடித்துவிட வேண்டும் என்றுதான் நான் இரண்டு ஆண்டுகளாக நம்பியிருந்தேன். நோட்டின் கடைசிப் பக்கத்தில் பதினோரு சூத்திரங்களை எழுதி வைத்திருந்தேன். அப்படியிருந்தும் மாதிரித் தேர்வுகளில் படகு வந்த இடத்தில் பாதிக்கு மேல் தவறாகவே போட்டேன். தவறு கணக்குப் போடுவதில் இல்லை, கணக்கைப் பார்ப்பதில் இருக்கிறது என்பது இந்த வகுப்பின் மூன்றாவது ஞாயிற்றுக்கிழமை வரை எனக்குப் புரியவில்லை. அதைப் புரியவைத்ததுதான் இந்த வகுப்பின் முதல் தகுதி என்று கருதுகிறேன்.

அன்று ஆசிரியர் சூத்திரம் எதையும் எழுதவில்லை. கரும்பலகையில் இரண்டு கோடுகளை இழுத்து அவற்றை ஆற்றின் கரைகள் என்றார். குறுக்கே ஒரு பாலம் வரைந்தார். ஒருவர் நீரோட்டத்தை எதிர்த்துத் துடுப்புப் போட்டுக்கொண்டு போகிறார். பாலத்தின் அடியைக் கடக்கும்போது படகிலிருந்த காலி பிளாஸ்டிக் குடம் தவறி ஆற்றில் விழுந்துவிடுகிறது. அது அவருக்குத் தெரியவில்லை. 20 நிமிடம் கழித்துத்தான் கவனிக்கிறார். உடனே படகைத் திருப்பி, அதே வேகத்தில் துடுப்புப் போட்டு வந்து குடத்தைப் பிடிக்கிறார். பிடித்த இடம் பாலத்திலிருந்து நீரோட்டத்தின் போக்கில் 2 கிலோமீட்டர் தள்ளி இருக்கிறது. நீரோட்டத்தின் வேகம் என்ன? படகின் வேகம் கொடுக்கப்படவில்லை என்று முன்வரிசையில் இருந்த ஒருவர் சொன்னார். எனக்கும் அப்படித்தான் தோன்றியது. நானும் இரண்டு மாறிகளை வைத்துச் சமன்பாடு எழுதத் தொடங்கி, அரைப் பக்கத்தில் சிக்கிக்கொண்டேன். ஆசிரியர் என் நோட்டைப் பார்த்துவிட்டு, “தண்ணி மேல உட்கார்ந்து பாரும்மா, கரையில நின்னு பார்க்காத” என்றார்.

தண்ணீரின் மீது உட்கார்ந்து பார்க்கிறவருக்குக் குடம் நகருவதே இல்லை. அது தண்ணீரோடு சேர்ந்து போவதால், அவர் கண்ணுக்கு அது விழுந்த இடத்திலேயே நிற்கிறது. படகு அதைவிட்டு 20 நிமிடம் விலகிப் போனது. அதே வேகத்தில் திரும்பி வர இன்னொரு 20 நிமிடம்தான் ஆகும். ஆக மொத்தம் 40 நிமிடம். அந்த 40 நிமிடத்தில் கரையிலிருந்து பார்க்கிறவருக்குக் குடம் 2 கிலோமீட்டர் மிதந்து வந்திருக்கிறது. எனவே நீரோட்டத்தின் வேகம் மணிக்கு 3 கிலோமீட்டர். படகு வேகமாகப் போகிற படகா மெதுவாகப் போகிற படகா என்பது இந்தக் கணக்கிற்குத் தேவையே இல்லை. நம்பாதவர்களுக்காக அதையே கரையில் நின்றும் போட்டுக் காட்டினார். எதிர்த்துப் போகும்போது படகின் வேகத்திலிருந்து நீரோட்டம் கழிகிறது, ஆனால் குடம் எதிர்ப்பக்கம் நீரோட்ட வேகத்தில் விலகுவதால் இரண்டுக்கும் இடையே தூரம் கூடும் வேகம் படகின் சொந்த வேகம்தான். திரும்பி வரும்போது படகோடு நீரோட்டம் கூடுகிறது, குடமும் அதே நீரோட்டத்தில் முன்னே ஓடுவதால் தூரம் குறையும் வேகமும் படகின் சொந்த வேகம்தான்.

ஆடிப்பெருக்கு அன்று அம்மா மண்டபத்துப் படித்துறையில் அம்மாவோடு நின்று, காதோலை கருகமணியும் பூவும் வைத்துக் காவிரியில் விட்டது அந்த நிமிடம் எனக்கு நினைவுக்கு வந்தது. மேட்டூரில் தண்ணீர் திறந்து ஆறு நிறைந்து ஓடும் காலம் அது. ஒரே கையிலிருந்து விழுந்த சாமந்திப் பூக்கள் ஒன்றையொன்று விட்டு அதிகம் விலகாமல், கூட்டமாகவே மிதந்து போகும். கரையில் நிற்கிற நமக்கு அவை ஓடுகின்றன; ஒரு பூவுக்கு இன்னொரு பூ நின்ற இடத்தில் நிற்கிறது. சிறுவயதிலிருந்து ஆண்டுதோறும் பார்த்த காட்சியில் இந்தக் கணக்கு இருந்திருக்கிறது, யாரும் எடுத்துச் சொல்லவில்லை.

குடத்துக் கணக்கிற்குப் பிறகுதான் எல்லோருக்கும் தெரிந்த அடிப்படையை எழுதினார். அசைவற்ற நீரில் படகின் வேகத்தோடு நீரோட்டத்தின் வேகத்தைக் கூட்டினால் நீரோட்டத் திசையில் செல்லும் வேகம். கழித்தால் எதிர்த்திசையில் செல்லும் வேகம். போகும் வேகமும் எதிர்க்கும் வேகமும் தெரிந்தால், அவற்றின் கூட்டுத்தொகையில் பாதி படகுக்குரியது, வித்தியாசத்தில் பாதி நீரோட்டத்துக்குரியது. 3 மணி நேரத்தில் 36 கிலோமீட்டர் நீரோட்டத்தோடும், அதே 3 மணி நேரத்தில் 24 கிலோமீட்டர் நீரோட்டத்தை எதிர்த்தும் ஒரு படகு போகிறது என்றால், வேகங்கள் 12, 8. படகு 10, நீரோட்டம் 2. இதைப் பத்து நிமிடத்தில் முடித்துவிட்டார், அது சரிதான். இதற்கு மேல் இதில் நேரம் செலவிடத் தேவையில்லை.

அதைவிட அதிக நேரம் அவர் எடுத்துக்கொண்டது வினாவை வாசிக்கும் பயிற்சிக்கு. தமிழில் தேர்வு எழுதுகிறவர்களுக்கு இது மிகவும் தேவை என்பதை நான் அழுத்திச் சொல்வேன். “படகின் வேகம் மணிக்கு 12 கிலோமீட்டர்” என்று மட்டும் இருந்தால் அது அசைவற்ற நீரில் உள்ள வேகமா, நீரோட்டத்தோடு சேர்ந்த வேகமா என்பதை முன்னும் பின்னும் உள்ள சொற்களைப் பார்த்தே முடிவு செய்ய வேண்டும். “நீரோட்டத்துடன்” என்ற ஒரு சொல் வந்துவிட்டால் நீரோட்டம் ஏற்கெனவே அந்த எண்ணுக்குள் இருக்கிறது. அதை மறுபடியும் கூட்டினால் விடை தவறிவிடும். சில வினாத்தாள்களில் எதிர்த்திசையை “மேல்நோக்கி” என்று எழுதிவிடுகிறார்கள். படகு வானத்தை நோக்கிப் போவதாக ஒரு கணம் மனம் தடுமாறும். ஆசிரியர் இப்படிப்பட்ட இருபது வினாக்களைத் தந்து, விடை கண்டுபிடிக்க வேண்டாம், ஒவ்வோர் எண்ணுக்கும் பக்கத்தில் அது யாருடைய வேகம், எதைப் பொறுத்த வேகம் என்று மட்டும் எழுதுங்கள் என்றார். நான் இருபதில் ஏழைத் தவறாக எழுதினேன். இரண்டு ஆண்டுகளாக என் மதிப்பெண் எங்கே போய்க்கொண்டிருந்தது என்பது அந்த ஏழில் தெரிந்துவிட்டது.

சராசரி வேகம் பற்றிய ஒரு மணி நேரம்தான் இந்த வகுப்பிலேயே சிறந்தது. அசைவற்ற நீரில் மணிக்கு 10 கிலோமீட்டர் வேகத்தில் செல்லும் படகு, 2 கிலோமீட்டர் வேகத்தில் ஓடும் ஆற்றில் 48 கிலோமீட்டர் போய் அதே 48 கிலோமீட்டர் திரும்பி வருகிறது. போகும்போது கூடிய 2 வரும்போது கழிந்துவிடுமே, ஆகவே சராசரி 10தானே என்று வகுப்பில் முக்கால்வாசிப் பேர் சொன்னோம். போக 4 மணி நேரம், வர 6 மணி நேரம், மொத்தம் 96 கிலோமீட்டருக்கு 10 மணி நேரம், சராசரி 9.6. அந்த 0.4 எங்கே போனது என்று கேட்டுவிட்டு, அவரே சொன்ன விளக்கத்தை நான் அப்படியே எழுதி வைத்திருக்கிறேன்: நீரோட்டம் 4 மணி நேரம் உதவியது, 6 மணி நேரம் தடுத்தது. உதவியும் தடையும் ஒரே அளவுதான், ஆனால் தடுத்த நேரம் அதிகம். அதன்பின் நீரோட்டத்தை ஒவ்வொரு படியாக உயர்த்திக் காட்டினார். நீரோட்டம் 5 ஆனால் போகும் வேகம் 15, வரும் வேகம் 5, சராசரி 7.5க்கு இறங்கிவிடுகிறது. நீரோட்டம் 10 ஆனால் படகு போய்ச் சேரும், ஆனால் திரும்பவே முடியாது. எவ்வளவு துடுப்புப் போட்டாலும் கரையிலுள்ள அதே மரத்துக்கு நேராகவே நிற்கும். சூத்திரம் இதற்குப் பிறகுதான் வந்தது: போகும் வேகத்தையும் வரும் வேகத்தையும் பெருக்கிப் படகின் வேகத்தால் வகுக்க வேண்டும். 12ஐ 8ஆல் பெருக்கினால் 96, அதைப் பத்தால் வகுத்தால் 9.6. காரணம் புரிந்த பிறகு வந்த சூத்திரம் என்பதால் இன்றுவரை மறக்கவில்லை. காற்றோடு போய் எதிர்காற்றில் திரும்பும் விமானத்துக்கும் இதே கணக்குதான் பொருந்தும் என்று வீட்டிற்கு வந்து தம்பிக்கு விளக்கும் அளவுக்கு அது என்னிடம் தங்கியிருக்கிறது.

இரண்டு படகுகள் எதிரெதிரே வரும் கணக்கையும் இதே முறையில் நடத்தினார். 30 கிலோமீட்டர் இடைவெளியில் இரண்டு படித்துறைகள். ஒன்றிலிருந்து அசைவற்ற நீரில் 8 கிலோமீட்டர் வேகமுள்ள படகு நீரோட்டத்தோடும், மற்றொன்றிலிருந்து 7 கிலோமீட்டர் வேகமுள்ள படகு நீரோட்டத்தை எதிர்த்தும் ஒரே நேரத்தில் புறப்படுகின்றன. நீரோட்டத்தின் வேகம் தரப்படவில்லை, எப்போது சந்திக்கும்? தண்ணீர் மேல் உட்கார்ந்து பார்த்தால் ஒன்றையொன்று 15 கிலோமீட்டர் வேகத்தில் நெருங்குகின்றன, 2 மணி நேரத்தில் சந்திக்கும். நீரோட்டம் சந்திக்கும் நேரத்தை மாற்றாது, சந்திக்கும் இடத்தைத்தான் மாற்றும். நீரோட்டம் இல்லாவிட்டால் முதல் படகு 16 கிலோமீட்டர் வந்திருக்கும். நீரோட்டம் 2 என்றால் 20 கிலோமீட்டர் வந்திருக்கும். நேரமா இடமா, எதைக் கேட்கிறார்கள் என்று பார்த்துவிட்டால் பாதி வேலை முடிந்துவிடுகிறது.

நான் இதுவரை பயந்துகொண்டிருந்த வகை, இரண்டு பயணங்களின் மொத்த நேரத்தைக் கொடுத்து வேகங்களைக் கேட்கும் வகை. 40 கிலோமீட்டர் நீரோட்டத்தோடும் 24 கிலோமீட்டர் எதிர்த்தும் செல்ல மொத்தம் 8 மணி நேரம். 30 கிலோமீட்டர் நீரோட்டத்தோடும் 36 கிலோமீட்டர் எதிர்த்தும் செல்ல மொத்தம் 9 மணி நேரம். பள்ளியில் பத்தாம் வகுப்பில் செய்ததைப் போல வேகங்களின் தலைகீழிகளை மாறிகளாக வைத்துக்கொண்டு இரண்டு சமன்பாடுகளைத் தீர்க்கும் முறையை முதலில் முழுமையாகப் போட்டார். பிறகு தேர்வறைக்கான வழியைச் சொன்னார். பெரும்பாலும் வேகங்கள் முழு எண்களாகத்தான் இருக்கும் என்பதால், 40, 30 இரண்டையும் வகுக்கும் எண்ணையும் 24, 36 இரண்டையும் வகுக்கும் எண்ணையும் தேட வேண்டும். 10ஐயும் 12ஐயும் முயன்றால் 4 மணியும் 2 மணியும் சேர்ந்து 6தான் வருகிறது, 8 வரவில்லை. 10ஐயும் 6ஐயும் முயன்றால் 4 மணியும் 4 மணியும் 8, அடுத்ததில் 3 மணியும் 6 மணியும் 9. பொருந்திவிட்டது. படகு 8, நீரோட்டம் 2. இந்த முயற்சி முறையைக் குறுக்குவழி என்று சொல்லித் தராமல், சமன்பாட்டின் விடையை ஊகித்துச் சரிபார்ப்பது என்று சொல்லித் தந்ததால், முழு எண் வராத கணக்கு வந்தபோது நாங்கள் திகைக்காமல் சமன்பாட்டுக்குத் திரும்பினோம்.

இதுவரை சொன்னதெல்லாம் மூன்றாம் வாரமும் நான்காம் வாரத்தின் முதல் ஒன்றரை மணி நேரமும். அதன்பின் அந்த ஆசிரியர் வேறு தொகுதிக்குப் போய்விட, இன்னொருவர் வந்து “வேகக் கணக்கு முறைகள்” என்ற பெயரில் ஒன்றரை மணி நேரத்தில் பதினான்கு சூத்திரங்களை எழுதிப் போட்டார். என் வருத்தம் முழுவதும் இங்கேதான். சூத்திரங்கள் தவறானவை அல்ல. எதிர்த்துப் போகும் நேரம் நீரோட்டத்தோடு போகும் நேரத்தைப் போல இரண்டு மடங்கு என்றால் படகுக்கும் நீரோட்டத்துக்கும் உள்ள விகிதம் 3:1, மூன்று மடங்கு என்றால் 2:1 என்பதெல்லாம் தேர்வில் விநாடிகளை மிச்சப்படுத்தும் செய்திகள். ஆனால் எந்த நிபந்தனையில் அவை பொருந்தும் என்பதை அவர் ஒருமுறைகூடச் சொல்லவில்லை. தூரம் சமமாக இருந்தால்தான் அந்த விகிதம் வரும், சராசரி வேகச் சூத்திரமும் சம தூரத்திற்கு மட்டுமே உரியது. முதலாமவர் அதை விளக்கிச் சொல்லியிருந்தும், இரண்டாமவர் வேகமாக எழுதிப்போட்டதும் எங்களில் பலர் விளக்கத்தை விட்டுவிட்டுச் சூத்திரத்தைப் பிடித்துக்கொண்டோம்.

அதன் விளைவை அடுத்த மாதிரித் தேர்விலேயே பார்த்தோம். அதே 12, 8 என்ற வேகங்களில் ஒரு படகு 36 கிலோமீட்டர் நீரோட்டத்தோடு போய், 16 கிலோமீட்டர் எதிர்த்துத் திரும்பி வந்து ஓர் ஊரில் நிற்கிறது, சராசரி வேகம் என்ன என்பது வினா. 3 மணி நேரமும் 2 மணி நேரமும் சேர்ந்து 5 மணி நேரம், மொத்தம் 52 கிலோமீட்டர், சராசரி 10.4. விடைகளில் 9.6உம் இருந்தது, 10உம் இருந்தது. வகுப்பில் பாதிக்கு மேல் 9.6ஐக் குறித்தோம், நானும் குறித்தேன். சம தூரம் என்றால் 9.6, சம நேரம் என்றால் 10, இங்கே நீரோட்டத்தோடு போன தூரமும் நேரமும் அதிகம் என்பதால் 10ஐயும் தாண்டும் என்று ஒரு வரி சொல்லியிருந்தால் போதும், அந்த மதிப்பெண்ணை நாங்கள் இழந்திருக்க மாட்டோம். மையத்தின் அலுவலகத்தில் இதைச் சொன்னபோது பொறுமையாகக் கேட்டுக்கொண்டார்கள். ஆறாம் வாரத்தில் முதல் ஆசிரியரை அரை மணி நேரம் அழைத்து அந்த வினாவைத் திரும்ப நடத்தச் செய்தார்கள் என்பதையும் நியாயமாகக் குறிப்பிட வேண்டும்.

இரண்டாவது குறை, ஆற்றைக் குறுக்கே கடக்கும் கணக்கை அறவே விட்டுவிட்டது. வங்கித் தேர்விலும் ரயில்வே தேர்விலும் இது அரிதாகத்தான் வரும் என்பது அவர்கள் சொன்ன காரணம், அது உண்மைதான். ஆயினும் ஆற்றின் போக்கிலும் எதிர்ப்போக்கிலும் மட்டும் படகு விட்டுப் பழகியவர்களுக்கு நீரோட்டம் என்றால் என்ன என்பது பாதிதான் தெரியும் என்று எனக்குத் தோன்றுகிறது. ஒகேனக்கல்லில் பரிசலில் போனவர்கள் கவனித்திருக்கலாம். எதிர்க்கரையில் சேர வேண்டிய இடத்தை நேராகப் பார்த்துப் பரிசல்காரர் துடுப்புப் போடமாட்டார், அதற்கு மேலே, நீர் வரும் பக்கமாகப் பார்த்தே தள்ளுவார். அவர் நெடுங்காலமாகக் கையால் போடும் கணக்கை எண்ணில் போட்டால் இப்படி வரும். ஆற்றின் அகலம் 600 மீட்டர், படகின் வேகம் மணிக்கு 5 கிலோமீட்டர், நீரோட்டம் 3. நேராகப் பார்த்துத் துடுப்புப் போட்டால் 7.2 நிமிடத்தில் கரை சேரலாம், ஆனால் 360 மீட்டர் கீழே தள்ளப்பட்டிருப்போம். நேர் எதிரே இறங்க வேண்டும் என்றால் படகின் 5இல் ஒரு பங்கு நீரோட்டத்தை ஈடுகட்டவே போய்விடும், குறுக்கே கிடைப்பது 4தான். அப்போது 9 நிமிடம் ஆகும். 3, 4, 5 என்ற செங்கோண முக்கோணத்தைத் தெரிந்தவர்களுக்கு இதை விளக்கக் கால் மணி நேரம் போதும்.

அதே ஆற்றில் 600 மீட்டர் நீரோட்டத்தோடு போய்த் திரும்ப 22.5 நிமிடம் ஆகும், குறுக்கே நேராகப் போய்த் திரும்ப 18 நிமிடம்தான் ஆகும். தூரம் ஒன்று, படகு ஒன்று, ஆறும் ஒன்று, நேரம் மட்டும் வேறு. 1887இல் மைக்கேல்சன், மார்லி என்ற இரு அறிவியலாளர்கள் வெளியெங்கும் நிறைந்திருப்பதாகக் கருதப்பட்ட ஈதரைச் சோதிக்க முனைந்தபோது, ஒளியின் பயணத்தில் தேடியது இதே நேர வேறுபாட்டைத்தான். எதிர்பார்த்த வேறுபாடு கிடைக்கவில்லை என்பதுதான் பெரிய செய்தியாயிற்று. பதினொன்றாம் வகுப்பு இயற்பியலில் சார்புத் திசைவேகம் படித்தவர்கள் எங்கள் வகுப்பில் பலர் இருந்தார்கள். படகுக் கணக்கு தேர்வுக்காகப் புனைந்த வெறும் புதிர் அன்று என்பதை அவர்களுக்குக் காட்டக் கிடைத்த வாய்ப்பைக் கைவிட்டது எனக்கு ஏமாற்றமாகவே இருந்தது.

மூன்றாம் வாரத்து ஆசிரியர் ஒன்றைச் சொல்லத் தவறவில்லை என்பதையும் சேர்த்துவிடுகிறேன். கணக்கில் ஆறு முழுவதும் ஒரே வேகத்தில் ஓடுவதாக வைத்துக்கொள்கிறோம். உண்மையான ஆற்றில் நடுவில் ஓட்டம் அதிகம், கரையோரத்தில் குறைவு, அதனால்தான் எதிர்த்துப் போகிற படகுகள் கரையை ஒட்டிப் போகின்றன என்றார். இடைவேளையில் இரண்டு பேர் காவிரிப் பாலம் வரை போய்ப் பார்த்துவிட்டு வந்தார்கள். பாலத்தின் தூணருகே சுழித்து நிற்கிற நுரைக்கும் நடுவில் ஓடுகிற இலைக்கும் உள்ள வித்தியாசத்தை வந்து சொன்னார்கள்.

கையேட்டைப் பற்றிக் கொஞ்சம். தாளும் அச்சும் நன்றாக இருக்கின்றன, விடைகளுக்கு முழு வழிமுறையும் உண்டு. கணக்குகள் எளிதிலிருந்து கடினத்திற்கு ஒழுங்காக ஏறவில்லை. கடினமான மிதவைக் கணக்குக்கு அடுத்து முதல் நாள் பாடத்தின் கணக்கு வந்து நிற்கிறது. மீட்டர், விநாடியில் கொடுக்கப்பட்ட வேகத்தைக் கிலோமீட்டர், மணிக்கு மாற்றும் கணக்குகள் மிகக் குறைவு. 5/18 என்ற பின்னத்தைத் தலைகீழாகப் போட்டு மதிப்பெண் இழக்கிறவர்கள் எங்கள் தொகுதியில் கடைசி வாரம் வரை இருந்தார்கள். சொற்கள் ஒரே மாதிரி இல்லை. ஒரு பக்கத்தில் “அசைவற்ற நீர்”, அடுத்த பக்கத்தில் “நிலையான நீர்”, வேறொரு பக்கத்தில் “ஸ்டில் வாட்டர்” என்றே எழுதியிருக்கிறார்கள். மூன்றும் ஒன்றுதான் என்று தெரியாத ஒருவர் மூன்றாம் வாரத்தில் எழுந்து கேட்டார். அவரைக் குறைசொல்ல முடியாது.

அறை வசதி பரவாயில்லை. மின்விசிறிகள் ஓடின, கடைசி வரிசையில் இருந்தவர்களுக்குக் கரும்பலகை தெரிந்தது, கழிப்பறை சுத்தமாக இருந்தது. மாதிரித் தேர்வு கணினியில் இல்லாமல் தாளில் நடந்தது. திரையில் எழுதப் பழக வேண்டியவர்களுக்கு இது பயன் தராது. தேர்வுத் தாள்களைத் திருத்தி, ஒவ்வொருவரும் எந்த வகையில் தவறினோம் என்று எழுதித் தந்தது உண்மையிலேயே உழைத்துச் செய்த வேலை.

எஸ்எஸ்சி, வங்கி, ரயில்வே தேர்வுகளுக்குப் படிக்கிறவர்கள், அதிலும் சூத்திரங்களை மனப்பாடம் செய்தும் மதிப்பெண் வராதவர்கள், 1,800 ரூபாயைத் தயங்காமல் கொடுக்கலாம் என்பது என் கருத்து. ஆனால் மூன்றாம் வாரம் யார் நடத்துகிறார் என்று கேட்டுவிட்டுச் சேருங்கள். குரூப் 4 மட்டும் எழுதுகிறவர்களுக்கு இந்த வகுப்பு உடனடித் தேவை இல்லை. அந்தப் பாடத்திட்டத்தில் காலமும் வேலையும் பெயர் சொல்லிக் குறிக்கப்பட்டிருக்கிறதே தவிர, படகு குறிக்கப்படவில்லை. 200 வினாக்களில் 25தான் திறனறிப் பகுதி என்பதால் அவர்கள் முதலில் அதிலுள்ள தலைப்புகளை முடிப்பது நல்லது. ஏற்கெனவே படகுக் கணக்கில் பத்துக்கு எட்டு சரியாகப் போடுகிறவர்களுக்கும் வகுப்பு தேவைப்படாது. பழைய வினாத்தாள்களைக் கடிகாரம் வைத்துப் போட்டாலே போதும்.

சேருகிறவர்கள் கையேட்டில் இரண்டு விடைகளை முதல் நாளே திருத்திக்கொள்ளுங்கள்; நான் சொல்லியிருக்கிறேன், அடுத்த அச்சில் மாறும் என்றார்கள், ஆனால் பழைய படிகள் இன்னும் கட்டுக்கட்டாக இருக்கின்றன. 58ஆம் பக்கத்தில், ஒரே தூரத்தைப் படகு நீரோட்டத்தோடு 4 மணியிலும் எதிர்த்து 6 மணியிலும் கடந்தால், துடுப்பில்லாமல் மிதந்து போகும் கட்டை அதைக் கடக்க எவ்வளவு நேரமாகும் என்ற கணக்கிற்கு 12 மணி என்று போட்டிருக்கிறது. வேக வித்தியாசத்தைப் பாதியாக்க மறந்துவிட்டார்கள், சரியான விடை 24 மணி. 61ஆம் பக்கத்தில், 15 கிலோமீட்டர் வேகமுள்ள படகு 3 கிலோமீட்டர் நீரோட்டத்தில் ஓர் ஊருக்குப் போய்த் திரும்ப 5 மணி நேரம் ஆனால் அந்த ஊரின் தூரம் 37.5 என்று இருக்கிறது. அது ஆறு ஓடாமல் நின்றால் வரும் விடை. 36 என்று திருத்துங்கள், போக 2 மணி, வர 3 மணி.